விற்க மறுத்தவனுக்கு விலை

மாட்டுச் சந்தையில் தரகர் துண்டுக்கடியில் விரல் பிடித்து விலை பேசுவார். படிந்தால் பணம் கைமாறும்; படியாவிட்டால் மாட்டை ஓட்டிக்கொண்டு வீடு திரும்பலாம். திரும்பும் உரிமை இருப்பதாலன்றோ அதற்குச் சந்தை என்று பெயர்! திரும்ப வழியில்லாத சந்தை ஒன்றை 1894-ல் வெள்ளையர் ஆட்சி திறந்துவைத்தது. நில எடுப்புச் சட்டம் என்பது அதன் பெயர். அரசு கேட்டால் கொடுத்தே தீரவேண்டும்; தரப்படுவதோ 'சந்தை விலை'!

அச்சட்டத்தின் 24-ஆம் பிரிவு, விலை மதிக்கும்போது எவற்றையெல்லாம் கருதலாகாது என்று அடுக்கியது. முதலாவது, அரசுக்குள்ள அவசரம். இதில் நியாயம் உண்டு. இல்லையேல், பாதையின் நடுவே கால் காணி வைத்திருப்பவன் ஊரையே விலையாகக் கேட்பான். இரண்டாவது, நிலத்தைப் பிரிய உரியவனுக்கு உள்ள மனமின்மை. பாட்டன் வெட்டிய கிணற்றுக்கு விலையுண்டு, பாட்டனுக்கு இல்லை. கட்டாயத்தை ஈடுசெய்ய நூற்றுக்குப் பதினைந்து மேற்கொண்டு தரப்பட்டது. 1984-ல் அது முப்பதாயிற்று.

சந்தை விலையை எவ்வாறு கண்டனர்? அக்கம்பக்கத்து நிலங்கள் விற்ற பத்திரங்களைப் புரட்டித்தான். முத்திரைக் கட்டணத்துக்கு அஞ்சி அடுத்த வயற்காரன் குறைத்தெழுதிய பொய்யே, இவனுக்கு மெய்யான விலையாகிவிடும்!

வாதாட வசதி படைத்தவன் கதை வேறு. அந்நாளில் சென்னை மாகாணத்தில் இருந்த விசாகப்பட்டினத்தில், துறைமுகத்துக்காக ஒரு ஜமீன்தாரின் நிலம் எடுக்கப்பட்டது. அதில் நன்னீர் ஊற்று ஒன்று இருந்தது. ஊற்றுநீரை வாங்கத் துறைமுகத்தாரைத் தவிர வேறு ஆள் இல்லையே, அதற்கு விலை ஏது என்றது எதிர்த்தரப்பு. வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில்வரை சென்றது. வாங்கக்கூடியவன் ஒருவனே ஆயினும், அவனே எடுப்பவன் ஆயினும், நிலத்தின் வருங்கால வாய்ப்புக்கும் விலையுண்டு என 1939-ல் தீர்ப்பு வந்தது. நல்ல தீர்ப்புத்தான். ஆனால் அரைக் காணி உழவன் இலண்டனுக்கு எந்த வண்டியில் போவான்?

விடுதலைக்குப் பின்னும் தராசு ஆடியது. கிழக்கு வங்கத்து அகதிகளைக் குடியமர்த்த மேற்கு வங்க அரசு நிலம் எடுத்தது. 1946 டிசம்பர் 31 அன்றைய விலைக்கு மேல் தருவதில்லை என்றது. இழப்புக்கு நிகரான ஈடு வேண்டும் என்று உச்சநீதிமன்றம் 1953-ல் அதை மறுத்தது. ஈடு போதுமா என்று நீதிமன்றம் கேட்கலாகாது என 1955-ல் அரசியல் சட்டம் திருத்தப்பட்டது. சென்னை அரசு 1961-ல் வீட்டுவசதிக்கு எடுக்கும் நிலத்துக்குத் தனி விதி செய்தது: அறிவிப்பு நாள் விலை, முந்திய ஐந்தாண்டுச் சராசரி, இரண்டில் எது குறைவோ அது, பதினைந்தும் ஐந்தாகக் குறைந்தது. ஒரே நிலம் மருத்துவமனைக்குப் போனால் ஒரு விலை, வீடுகளுக்குப் போனால் ஒரு விலையா என்று, வஜ்ரவேலு வழக்கில் 1964-ல் உச்சநீதிமன்றம் அதையும் செல்லாததாக்கியது. 1978-ல் சொத்துரிமை அடிப்படை உரிமைகளின் வரிசையிலிருந்தே நீங்கிற்று.

இத்தனை வழக்குகளிலும் பேசியது பத்திரம். வரப்பில் நின்ற கூலியாள் பேசவில்லை. நிலத்தின் சொந்தக்காரன் குறைந்த விலையேனும் பெற்றான். நாற்று நட்டவள் என்ன பெற்றாள்? அவள் இழந்த வேலைக்கு 1894-ஆம் ஆண்டுச் சட்டத்தில் விலையே இல்லை.

2013-ஆம் ஆண்டுச் சட்டம் நூற்றுக்கு நூறு மேற்கொண்டு தரச் சொன்னது; நாட்டுப்புற நிலத்தின் சந்தை விலையை இரு மடங்குவரை பெருக்கவும் இடந்தந்தது. குத்தகைக்காரனும் வாரத்துக்கு உழுதவனும் கூலியாளும், மூன்றாண்டு அங்கே உழைத்துப் பிழைத்திருந்தால், பாதிக்கப்பட்டோராகி மறுவாழ்வு உதவி பெறுவர் என்றும் எழுதிற்று. இதை வகுப்பில் பெருமிதத்தோடுதான் விளக்கினோம். பின்வரிசையிலிருந்து ஒரு மாணவன் எழுந்தான். "மூன்று வருடம் களை எடுத்தேன் என்பதற்கு என் அம்மா எந்தப் பத்திரத்தை ஐயா காட்டுவாள்?" என்றான். அவனுக்கு நாம் இன்னும் விடை கூறவில்லை.