ஒரே கூரையின் கீழ் இரண்டு பலிபீடங்கள்

இங்கிலாந்து ஒரே நாடாக ஆகாத காலம். ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கிழக்கு ஆங்கிலியாவை ஆண்ட ரெட்வால்ட், கென்ட் நாட்டுக்குப் போன இடத்தில் திருமுழுக்குப் பெற்றுத் திரும்பினான். அரண்மனையில் மனைவியும் சில ஆலோசகர்களும் அவன் மனத்தை மாற்றினார்கள். கடைசியில் ஒரு வழி கண்டான்: ஒரே கோயிலுக்குள் கிறிஸ்துவுக்கு ஒரு பீடம், பழைய தெய்வங்களுக்குப் பலி கொடுக்க இன்னொரு சிறிய பீடம்.

இதைக் கோபத்தோடு பதிவு செய்தவர் ஜாரோ மடத்துத் துறவி பீட். ஆங்கிலேயத் திருச்சபையின் வரலாற்றை அவர் எழுதி முடித்தது 731-இல். சிறுவனாக இருந்தபோது அந்தக் கோயிலைக் கண்ணால் பார்த்ததாக, பின்னாளில் அதே நாட்டை ஆண்ட எல்ட்வுல்ஃப் சொன்னதையும் அவர் குறித்து வைத்திருக்கிறார். பீட்டுக்கு அது துரோகம். இன்று படிக்கிறவருக்கோ, ஒரு சமூகம் மதம் மாறுவது எப்படி நடக்கும் என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் காட்சி வேறில்லை.

1939-இல் சஃபோக் கடற்கரைப் பக்கம் சட்டன் ஹூ என்ற இடத்தில் மண்மேட்டைத் தோண்டியபோது 27 மீட்டர் நீளக் கப்பல் ஒன்றின் தடம் கிடைத்தது. இறந்தவனைக் கப்பலில் வைத்து, வாளும் தலைக்கவசமும் பொன்னும் சேர்த்துப் புதைத்த பழைய முறைச் சவக்குழி அது. அதற்குள் வெள்ளிக் கரண்டிகள் இரண்டு இருந்தன. அவற்றில் கிரேக்க எழுத்தில் இருப்பதை சவுல், பவுல் என்று பலர் படிக்கிறார்கள். மனம் மாறிய திருத்தூதரின் இரண்டு பெயர்கள் அவை. அங்கே கிடந்தவன் ரெட்வால்டாகவே இருக்கலாம் என்பது அறிஞர் பலரின் கருத்து.

புதிய மதம் ஆங்கிலேயரிடம் வந்த வழியே ஒரு திருமணத்தில்தான் தொடங்குகிறது. கென்ட் மன்னன் எதெல்பெர்ட்டின் மனைவி பெர்த்தா, பிராங்க் நாட்டு இளவரசி, பிறப்பிலேயே கிறிஸ்தவள். புகுந்த வீட்டுக்கு ஓர் ஆயரையும் உடன் அழைத்து வந்தவள். கான்டர்பரியில் புனித மார்ட்டின் பெயரால் இருந்த பழைய ரோமானியர் காலக் கட்டடத்தில் வழிபட்டுவந்தாள். எனவே 597-இல் திருத்தந்தை முதலாம் கிரகோரி அனுப்பிய அகஸ்டீன், ஏறக்குறைய நாற்பது பேரோடு கரையிறங்கியபோது எதெல்பெர்ட்டுக்குக் கிறிஸ்தவம் புதிதல்ல. ஆனாலும் அவர்களை வெட்டவெளியில்தான் சந்தித்தான். கூரைக்குள் சந்தித்தால் மந்திரம் போட்டுவிடுவார்களோ என்ற அச்சம்!

அவன் மாறியபின் சட்டமும் மாறியது. ஆங்கில மொழியில் எழுதப்பட்டவற்றில் நமக்குத் தெரிந்த முதல் சட்டத் தொகுப்பு அவனுடையது. திருச்சபையின் பொருளைத் திருடினால் பன்னிரண்டு மடங்கு ஈடு தரவேண்டும் என்றுதான் அது தொடங்குகிறது.

பழைய கோயில்களை என்ன செய்வது? இந்தக் கேள்விக்கு ரோமாபுரியே 601-இல் இரண்டு விதமாகப் பதில் சொன்னது. முதலில் எதெல்பெர்ட்டுக்கு எழுதிய கடிதத்தில் கிரகோரி கோயில்களை இடிக்கச் சொன்னார். சில வாரங்கள் கழித்து, இங்கிலாந்துக்குப் போய்க்கொண்டிருந்த மெல்லிட்டஸ் என்ற துறவிக்கு அவசரமாக இன்னொரு கடிதம் போனது. நெடுநேரம் யோசித்து மனம் மாறியிருந்தார். கோயிலை இடிக்க வேண்டாம், உள்ளே இருக்கும் சிலைகளை மட்டும் அகற்றுங்கள். புனித நீர் தெளித்துப் பீடம் அமையுங்கள். பேய்களுக்கு மாடு வெட்டிப் பழகிய மக்கள் திருவிழா நாளில் கோயிலைச் சுற்றிக் கிளைகளால் பந்தல் போட்டு, அதே மாடுகளை அடித்து விருந்துண்டு இறைவனுக்கு நன்றி சொல்லட்டும் என்றார். முரட்டு மனங்களிலிருந்து எல்லாவற்றையும் ஒரேயடியாகப் பிடுங்க முடியாது என்பது அவர் கண்ட உண்மை. இவ்வளவு மனிதவாசனை வீசும் நிர்வாகக் கடிதம் அந்தக் காலத்தில் அரிது.

ஆனால் மன்னன் உயிரோடு இருக்கும்வரைதான் மதத்துக்கும் உயிர். 616-இல் எதெல்பெர்ட் இறந்ததும் அவன் மகன் எட்பால்ட் சிற்றன்னையையே மணந்து, பழைய தெய்வங்கள் பக்கம் நின்றான், பிறகுதான் திரும்பினான். எசெக்ஸ் நாட்டில் மூன்று இளவரசர்கள் திருமுழுக்குப் பெறாமலே, அப்பாவுக்குத் திருப்பலியில் கொடுத்த வெள்ளை அப்பத்தைத் தங்களுக்கும் தரச் சொன்னார்கள். இப்போது ஆயராக இருந்த அதே மெல்லிட்டஸ் மறுத்தார். நாட்டைவிட்டே துரத்தப்பட்டார்.

வடக்கே நார்தம்பிரியாவிலும் பெண் எடுத்ததில்தான் கதை தொடங்குகிறது. எட்வின் மணந்தது எதெல்பெர்ட்டின் மகளை. அவளுடைய வழிபாட்டில் தலையிடக் கூடாது என்பது பெண்வீட்டாரின் நிபந்தனை. திருத்தந்தை ஐந்தாம் போனிஃபேஸ் அவளுக்குக் கடிதத்தோடு வெள்ளிக் கண்ணாடியும் பொன்னிழைத்த தந்தச் சீப்பும் அனுப்பி, கணவன் மனத்தை இளக்கச் சொன்னார். எட்வின் அவசரப்படவில்லை; அவையைக் கூட்டிக் கருத்துக் கேட்டான். முதலில் எழுந்தவர் பழைய மதத்தின் தலைமைப் பூசாரி கோய்ஃபி. என்னைவிடப் பக்தியாகத் தெய்வங்களுக்குத் தொண்டு செய்தவர் யாருமில்லை, ஆனால் மன்னரின் பரிசுகளெல்லாம் மற்றவர்களுக்கே போகின்றன என்றார். பூசாரி ஆயுதம் தொடக்கூடாது, பெண்குதிரையைத் தவிர வேறெதிலும் ஏறக்கூடாது என்பது மரபு. புதிய மதத்தை ஏற்பதென்று முடிவானதும் கோய்ஃபி அதை மீறி ஆண்குதிரை மேலேறி, ஈட்டியோடு குட்மன்ஹாம் கோயிலுக்குப் பாய்ந்தார். ஊரார் அவருக்குப் பைத்தியம் என்றே நினைத்தார்கள். ஈட்டியை உள்ளே எறிந்துவிட்டுக் கோயிலைக் கொளுத்தச் சொன்னார். எட்வின் 627 உயிர்ப்பு விழா அன்று யார்க் நகரில், அவசரமாக மரத்தில் கட்டிய ஆலயத்தில் திருமுழுக்குப் பெற்றான். ஆறே ஆண்டில் போரில் மாண்டான். அடுத்து வந்த இரண்டு மன்னர்களும் பழைய மதத்துக்கே திரும்பினார்கள்.

இவர்களெல்லாம் அரசர்கள், பூசாரிகள். உழுதவனும் மாடு மேய்த்தவனும் என்ன நினைத்தான்? பீட் எழுதிய புனித கத்பெர்ட்டின் வாழ்க்கை வரலாற்றில் அவன் குரல் ஒரே ஓர் இடத்தில் கணீரென்று கேட்கிறது. டைன் ஆற்றில் மரம் ஏற்றிவந்த மடத்துத் துறவிகளின் தெப்பங்களைக் காற்று கடலுக்குள் இழுத்துப்போகிறது. எதிர்க்கரையில் நின்ற குடியானவர்கள் இரங்கவில்லை, கேலி செய்கிறார்கள். இளைஞன் கத்பெர்ட் தட்டிக்கேட்டதும் பதில் வெடிக்கிறது: பழைய வழிபாடுகளை இவர்கள் பறித்துக்கொண்டார்கள், புதியதை எப்படிச் செய்வதென்று யாருக்கும் தெரியவில்லை. அவர்களுக்கு மதம் என்பது ஒரு கொள்கை அல்ல. விதைப்புக்கும் நோய்க்கும் சாவுக்கும் என்ன செய்வது என்ற நடைமுறை. அது பறிபோன வெற்றிடத்தில் அவர்கள் நின்றார்கள். 664-இல் கொள்ளைநோய் வந்தபோது எசெக்ஸ் மக்களில் ஒரு பகுதியினர் பாழடைந்த கோயில்களைப் பழுதுபார்த்து மறுபடி கும்பிடத் தொடங்கியதில் வியப்பில்லை.

கடைசியாக மாறியது தெற்கே உள்ள வைட் தீவு. 686 வாக்கில் அதைத் தாக்கிய வெசெக்ஸ் மன்னன் கேட்வாலா, தானே இன்னும் திருமுழுக்குப் பெறாதவன். வென்றால் கால்பங்கு கடவுளுக்கு என்று நேர்ந்துகொண்டிருந்தான். தீவின் குடிகளைக் கொன்று தன் ஆட்களைக் குடியேற்ற முனைந்தான். 1,200 குடும்பம் பிழைக்கும் நிலத்தில் 300 குடும்பத்தின் பங்கு ஆயர் வில்ஃபிரிடுக்குப் போனது. தீவின் மன்னன் ஆர்வால்டின் தம்பிகள் இருவர், சிறுவர்கள், கடல் தாண்டித் தப்பி ஒளிந்தார்கள். காட்டிக்கொடுக்கப்பட்டார்கள். செய்தி கேட்டு அருகிலிருந்த மடத்தின் தலைவர் கேட்வாலாவிடம் ஓடினார். காயங்களோடு படுத்திருந்த மன்னனிடம் அவர் கேட்டது உயிர்ப்பிச்சை அல்ல. கொல்லத்தான் வேண்டுமென்றால், அதற்குமுன் அவர்களுக்கு விசுவாசத்தைக் கற்பிக்க அனுமதி வேண்டும் என்றார். அனுமதி கிடைத்தது. சிறுவர்கள் கற்றார்கள், திருமுழுக்குப் பெற்றார்கள். பிறகு கொலையாளி வந்தான். அவர்களே அந்தத் தீவின் முதல் விசுவாசிகள் என்று எழுதிய பீட், அவர்கள் பெயரை எழுதவில்லை.