முகில் உருவாக்கம்

முகில் உருவாக்கம் என்பது வளிமண்டலத்தில் உள்ள ஆவி குளிர்ந்து, நுண்ணிய துளிகளாகவோ படிகங்களாகவோ ஒடுங்கி, கண்ணுக்குத் தெரியும் திரளாக மாறும் நிகழ்வு ஆகும். புவியில் இவ்வாறு ஒடுங்குவது நீராவி. பிற கோள்களில் கந்தக அமிலம், அமோனியா, மெத்தேன் முதலியனவும் முகில்களாகின்றன. விண்மீன்களுக்கு இடையே காணப்படும் வளிம, தூசித் திரள்களும் முகில் என்றே அழைக்கப்படுகின்றன; எனினும் அவை உருவாகும் முறை வேறு.

முகிலை நீராவி என்று கூறும் வழக்கம் உண்டு. இது சரியன்று. நீராவி நிறமற்றது, கண்ணுக்குப் புலப்படாதது. வெண்மையாகத் தெரிவது, ஆவி மீண்டும் நீராகிய பின் உண்டாகும் துளிகளின் கூட்டமே. கொதிக்கும் கெண்டியின் மூக்கை ஒட்டிய சிறு இடைவெளி வெறுமையாகவும், அதற்கு அப்பால் வெண்புகை போலவும் தோன்றுவது இதனாலேயே.

காற்று மேலெழுதல்

நிலம் வெயிலால் சூடாகும்போது அதை ஒட்டிய காற்றும் சூடாகி மேலெழுகிறது. உயரத்தில் அழுத்தம் குறைவு. ஆகவே காற்று விரிவடைகிறது. விரிவடைவதற்கான ஆற்றலைத் தன் வெப்பத்திலிருந்தே எடுத்துக்கொள்வதால் அது குளிர்கிறது. நிறைவுறாத காற்று ஒவ்வொரு கிலோமீட்டர் ஏற்றத்திற்கும் ஏறத்தாழ 9.8 பாகை செல்சியசு குளிரும். ஒரு குறிப்பிட்ட உயரத்தில் சார்பு ஈரப்பதன் 100 விழுக்காட்டை எட்ட, ஒடுக்கம் தொடங்குகிறது. திரள்முகில்களின் அடிப்பகுதி தட்டையாக இருப்பது இந்த உயரத்தையே காட்டுகிறது. ஒடுக்கத்தின்போது உள்ளுறை வெப்பம் வெளிப்படுவதால் அதற்கு மேல் குளிரும் வீதம் குறைகிறது. வெப்ப வலயத்தில் இடிமுகில்கள் 15 கிலோமீட்டருக்கும் மேல் வளர்வதற்கு இவ்வெப்பமே காரணம்.

மலைகளும் காற்றை மேலெழச் செய்கின்றன. தென்மேற்குப் பருவக்காற்று மேற்குத் தொடர்ச்சி மலையில் ஏறும்போது மேற்குச் சரிவில் முகிலும் பெருமழையும் உண்டாகின்றன. கிழக்கே இறங்கும் காற்று அமுங்கிச் சூடாவதால் முகில் கலைகிறது. தமிழ்நாட்டின் பெரும்பகுதி அப்பருவத்தில் மழைமறைவில் அமைவது இதனாலேயே.

தூசியின் பங்கு

குளிர்ச்சி மட்டும் போதாது. மிகச் சிறிய துளியின் வளைந்த பரப்பிலிருந்து நீர் எளிதில் ஆவியாகிவிடும் என்பதால், முற்றிலும் தூய காற்றில் சார்பு ஈரப்பதன் பல நூறு விழுக்காட்டை எட்டினால்தான் துளிகள் தாமாக உண்டாகி நிலைக்கும். இயற்கையில் அது 101 விழுக்காட்டைத் தாண்டுவதே அரிது. முகில்கள் உருவாவதற்குக் காற்றில் மிதக்கும் கடலுப்பு, புகை, கந்தகச் சேர்மங்கள் போன்றவற்றின் துகள்கள் தேவை. ஏறத்தாழ 0.1 மைக்ரோமீட்டர் அளவுள்ள இவை ஒடுங்கற் கருக்கள் எனப்படுகின்றன. இசுக்காட்லாந்தைச் சேர்ந்த யோன் எயிட்கென் 1880களில் இதனைச் சோதனைகள் மூலம் விளக்கினார்.

அதே நாட்டவரான சி. டி. ஆர். வில்சன் 1894 ஆம் ஆண்டு பென் நெவிசு மலையுச்சியில் முகில்மேல் விழும் ஒளிவளையங்களைக் கண்டு, அவற்றை ஆய்வுக்கூடத்தில் உண்டாக்க முயன்றார். தூசி நீக்கிய காற்றில் மின்னேற்ற அயனிகளும் கருக்களாகச் செயற்படுவதை அவர் அறிந்தார். இம்முயற்சி முகிலறை என்னும் கருவியாக வளர்ந்தது. 1911 இல் அவர் அதில் அணுத்துகள்களின் பாதைகளை ஒளிப்படம் எடுத்தார். 1927 ஆம் ஆண்டின் இயற்பியல் நோபல் பரிசு இவருக்கும் ஆர்தர் காம்ப்டனுக்கும் பகிர்ந்தளிக்கப்பட்டது. வானிலை ஆய்வில் தொடங்கிய ஒரு கருவி துகள் இயற்பியலுக்கு இவ்வளவு பயன்பட்டது வியப்பிற்குரியது.

முகிலிலிருந்து மழை

முகில்துளியின் ஆரம் பொதுவாக 10 மைக்ரோமீட்டர். இது நொடிக்கு ஒரு சென்டிமீட்டர் அளவே விழும். மெல்லிய மேலெழு காற்றே அதைத் தாங்கப் போதுமானது. ஒரு மில்லிமீட்டர் ஆரமுள்ள மழைத்துளி ஒன்று உருவாக இத்தகைய பத்து இலட்சம் துளிகள் சேரவேண்டும். வெப்பமான முகில்களில் துளிகள் மோதி இணைகின்றன. குளிர்ந்த முகில்களில் நடப்பது வேறு. நீர் 0 பாகையில் உறைந்துவிடும் என்பது முகில்துளிகளுக்குப் பொருந்தாது. கருக்கள் இல்லையெனில் அவை −38 பாகை வரையிலும் நீராகவே இருக்கக்கூடும். அவற்றிடையே ஒரு பனிப்படிகம் தோன்றினால், சுற்றியுள்ள துளிகள் ஆவியாக, அவ்வாவியைக் கொண்டு படிகம் விரைந்து வளரும். 1946 இல் வின்சென்ட் சேபர் உலர்பனியையும், பெர்னார்ட் வானகட் வெள்ளி அயோடைடையும் கொண்டு இதனைத் தூண்டலாம் எனக் காட்டினர். செயற்கை மழை முயற்சிகளின் தொடக்கம் இதுவே. ஆயினும் வறண்ட வானில் முகிலை உண்டாக்க இம்முறையால் இயலாது.

காலநிலையுடன் தொடர்பு

புவிப் பரப்பில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு எந்நேரமும் முகிலால் மூடப்பட்டுள்ளது. தாழ்ந்த, தடித்த முகில்கள் சூரிய ஒளியைத் திருப்பி அனுப்பிப் புவியைக் குளிர்விக்கின்றன. உயர்ந்த மென்முகில்கள் வெப்பத்தைத் தடுத்து வைக்கின்றன. ஒட்டுமொத்த விளைவு குளிர்விப்பதே. மாசு கூடும்போது அதே அளவு நீர் மிகுதியான சிறு துளிகளாகப் பிரிவதால் முகில் மேலும் வெண்மையாகிறது. கப்பல்களின் புகையால் கடல்மீது உண்டாகும் நீண்ட முகில்கோடுகள் இதற்குச் சான்று. கப்பல் எரிபொருளில் கந்தக அளவின் வரம்பு 2020 ஆம் ஆண்டு 3.5 விழுக்காட்டிலிருந்து 0.5 ஆகக் குறைக்கப்பட்ட பின் இக்கோடுகளும் குறைந்தன. காற்றைத் தூய்மையாக்குவது மக்கள் நலத்திற்கு இன்றியமையாதது. ஆனால் அதுவே இதுவரை மறைந்திருந்த வெப்பமேறலின் ஒரு பகுதியை வெளிப்படுத்துகிறது. புவி எவ்வளவு சூடாகும் என்னும் கணிப்புகளில் மிகுதியான ஐயப்பாடு முகில்களாலேயே எழுகிறது.

விண்வெளியின் விளிம்பிலும் முகில் உண்டு. 1885 இல் முதன்முதலாக விவரிக்கப்பட்ட இரவொளிர் முகில்கள் ஏறத்தாழ 80 கிலோமீட்டர் உயரத்தில் தோன்றும் பனிப்படிகங்களாகும். எரிகற்கள் எரிந்து விட்டுச்செல்லும் நுண்துகள்கள் இவற்றுக்குக் கருக்களாகின்றன எனக் கருதப்படுகிறது.

பிற கோள்களில்

வெள்ளியை முழுவதும் மூடியுள்ள முகில்கள் கந்தக அமிலத் துளிகளால் ஆனவை. அங்கு பெய்யும் அமில மழை தரையை எட்டுமுன்னரே ஆவியாகிவிடுகிறது. செவ்வாயில் நீர்ப்பனி முகில்களும் கார்பன் டை ஆக்சைடு முகில்களும் உள்ளன. வியாழனில் வெளியே தெரிபவை அமோனியா முகில்கள். சனியின் துணைக்கோளான டைட்டனில் மெத்தேன் முகிலாகி மழையாகப் பொழிகிறது. 2005 இல் அங்கு இறங்கிய ஐகன்சு ஆய்வுகலம் ஆற்றுப்படுகை போன்ற கால்வாய்களைப் படமெடுத்தது. சூரியக் குடும்பத்திற்கு அப்பால், மிகச் சூடான சில கோள்களில் மணலின் வேதிப்பொருளாகிய சிலிக்கேட்டு முகில்களை யேம்சு வெப் தொலைநோக்கி கண்டறிந்துள்ளது.

விண்மீனிடை முகில்கள்

இவை ஆவி ஒடுங்கி உண்டானவை அல்ல. ஈர்ப்பினாலும் அதிர்ச்சி அலைகளாலும் திரண்ட வளிமங்கள். குளிர்ந்த மூலக்கூற்று முகில்களின் வெப்பநிலை 10 முதல் 20 கெல்வின். கன சென்டிமீட்டருக்குச் சில நூறு மூலக்கூறுகளே இருக்கும் இவற்றில் பெரும்பகுதி, நாம் மூச்சுவிடும் காற்றுடன் ஒப்பிட்டால் வெற்றிடமே. இங்கும் தூசி இன்றியமையாதது. இரு ஐதரசன் அணுக்கள் வெளியில் மோதினால், மிகுந்த ஆற்றலை விடமுடியாமல் மீண்டும் பிரிந்துவிடும். தூசித்துகளின் பரப்பில் சந்தித்தால் ஆற்றலைத் துகள் ஏற்றுக்கொள்ள, மூலக்கூறு நிலைக்கிறது. முகிலின் அடர்ந்த பகுதிகள் தம் ஈர்ப்பால் சுருங்கி விண்மீன்களாகின்றன. அவற்றுள் பெரியவற்றின் கதிர்வீச்சு எஞ்சிய முகிலைக் கலைத்துவிடுகிறது. ஏறத்தாழ 1,350 ஒளியாண்டுகள் தொலைவிலுள்ள ஒரியன் நெபுலாவில் இந்நிலையைக் காணலாம். இருண்ட வானில் இது வெறுங்கண்ணுக்கே மங்கலான திட்டாகத் தெரியும்.