இசைத்தட்டில் ஏறாத பிரிவு

திண்டிவனத்தில் பாலைத் திணை நடத்தும்போது, கே.பி. சுந்தராம்பாளின் பழைய இசைத்தட்டுப் பாடல் ஒன்றைக் கைப்பேசியில் போட்டேன். "இவங்க கோயில் பாட்டு பாடுறவங்கதானே மேடம், இவங்களுக்கும் பிரிவுக்கும் என்ன?" என்றாள் ஒரு மாணவி. விழுப்புரத்தில் வீடு வந்து சேரும்வரை அந்தக் கேள்வி என்னை விடவில்லை.

1926இல் கொழும்பு நாடக மேடையில் சுந்தராம்பாளும் எஸ்.ஜி. கிட்டப்பாவும் சேர்ந்து நடித்தார்கள். மறு ஆண்டு மணம். கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே மனைவி இருந்தார். சுந்தராம்பாளுக்குப் பிறந்த குழந்தை தங்கவில்லை. கிட்டப்பா விலகிப் போனார். 1933 டிசம்பரில், 27 வயதில் இறந்தார். சுந்தராம்பாளுக்கு அப்போது 25 வயது.

இருவர் குரலும் இசைத்தட்டுகளாக வீடுவீடாகப் போயின. அன்றைய தட்டில் ஒரு பக்கத்துக்குச் சுமார் 3 நிமிடம். பாடப் பாட மெழுகில் பதியும். பிசகினால் முதலிலிருந்து பாட வேண்டும். விற்றவை பெரும்பாலும் நாடகப் பாட்டும் பக்திப் பாட்டும். தன் பிரிவைச் சுந்தராம்பாள் தன் சொற்களில் எழுதியது கிட்டப்பாவுக்கான கடிதங்களில்தான். அன்பும் குறையும் கலந்த கடிதங்கள் அவை.

1971இல் கனடியப் பாடகி ஜோனி மிட்செல், காதல் முறிவுகளுக்குப் பின் 'புளூ' என்ற பாடல் தொகுப்பை ஹாலிவுட் ஒலிப்பதிவுக்கூடம் ஒன்றில் பதிவுசெய்தார். வெளியாள் வராதபடி கதவை அடைத்துக்கொண்டார். கிதார், பியானோ, மடியில் வைத்து மீட்டும் டல்சிமர் என இசைக்கருவிகள் கொஞ்சமே. தத்துக் கொடுத்த மகளும் அதில் பாடலானாள். சொல், மெட்டு, குரல் மூன்றும் அவருடையவை. கதவைச் சாத்தும் அதிகாரமும் அவரிடம் இருந்தது. சுந்தராம்பாளிடம் குரல் இருந்தது. அந்த அதிகாரம் இல்லை.

கிட்டப்பா இறந்ததும் சுந்தராம்பாள் வெள்ளைச் சேலைக்கு மாறினார். மேடையை விட்டு விலகினார். 1935இல் 'பக்த நந்தனார்' படத்தில் நடித்தார். நந்தனாராக ஆண் வேடம். ஊதியம் ஒரு லட்சம் ரூபாய்.

அந்த வெள்ளைச் சேலையைப் பெண்மீது ஏற்றிய தண்டனையாக மட்டுமே நெடுநாள் வாசித்துவந்தேன். இப்போது அதில் ஓர் உரிமைக்குரலும் கேட்கிறது: ஊர் இரண்டாம் இடத்தில் வைத்த ஒரு பெண், 'நானும் மனைவிதான்' என்று வாழ்நாள் முழுக்கச் சொன்ன குரல்.

அடுத்த வகுப்பில் அந்த மாணவியிடம் கடிதங்களைக் கொடுக்கப்போகிறேன். முதலில் அவற்றை வாசிக்கட்டும். பிறகு பாட்டைக் கேட்போம்.