இடைநிலை உத்தரவும் உயர் நீதிமன்றமும்: நிலத்துக்காக வழக்காடுவோர் அறிய வேண்டியவை

நில வழக்குகளில் தலித் மக்கள் தோற்பது இறுதித் தீர்ப்பு நாளில் மட்டுமன்று. வழக்குரையைத் திருத்த அனுமதி மறுப்பு, நிலத்தைப் பார்வையிட வழக்கறிஞர் ஆணையரை நியமிக்க மறுப்பு என இடையில் பிறக்கும் உத்தரவுகளும் வழக்கின் விதியைத் தீர்மானித்துவிடக்கூடும். இவ்வுத்தரவுகளை மேல் நீதிமன்றங்கள் எப்போது ஆய்வு செய்யும் என்பதை இங்கே தொகுத்துரைக்கிறோம்.

முதல் வழி மேல்முறையீடு. 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 43ஆம் கட்டளை, முதல் விதி, மேல்முறையீட்டுக்குரிய உத்தரவுகளைப் பட்டியலிடுகிறது. தற்காலிகத் தடையாணை வழங்குவதும் மறுப்பதும், ஒருதலைப்பட்சத் தீர்ப்பாணையை நீக்க மறுப்பதும் அதில் அடங்கும்.

இரண்டாவது, 115ஆம் பிரிவின் கீழான சீராய்வு. கீழமை நீதிமன்றம் தனக்கில்லாத அதிகாரத்தைச் செலுத்தியிருந்தாலோ, உள்ள அதிகாரத்தைச் செலுத்தத் தவறியிருந்தாலோ, சட்டத்துக்குப் புறம்பாகச் செலுத்தியிருந்தாலோ, உயர் நீதிமன்றத்தை 90 நாட்களுக்குள் அணுகலாம். ஆனால் 2002 ஜூலை 1 முதல் இவ்வாயில் குறுகிவிட்டது. மனுதாரருக்குச் சாதகமாக உத்தரவு அமைந்திருந்தால் வழக்கே முடிந்திருக்கும் என்ற நிலையில்தான் உயர் நீதிமன்றம் அதனை மாற்ற இயலும். வழக்குரையை நிராகரிக்கக் கோரிய பிரதிவாதியின் மனு தள்ளுபடியானால் அவர் சீராய்வு கோரலாம். வழக்குரைத் திருத்தம் மறுக்கப்பட்டவருக்கு இவ்வழி பொதுவாகத் திறப்பதில்லை.

அவருக்கு எஞ்சுவது அரசியலமைப்பின் 227ஆம் உறுப்பு வழங்கும் மேற்பார்வை அதிகாரம். 115ஆம் பிரிவு சுருங்கியதால் இவ்வதிகாரம் சுருங்கவில்லை என உச்ச நீதிமன்றம் 2003இல் சூர்யதேவ் ராய் வழக்கில் கூறியது. உரிமையியல் நீதிமன்றங்களின் உத்தரவுகளுக்கு எதிராக 226ஆம் உறுப்பின் கீழ் நீதிப்பேராணை கோர இயலாது, 227ஆம் உறுப்பே வழி என 2015இல் ராதே ஷியாம் வழக்கில் தெளிவுபடுத்தியது. எனினும் இது மேல்முறையீடு அன்று. சாட்சியத்தை மீண்டும் எடைபோடும் இடமும் அன்று.

எந்த வழியும் கைகூடாவிடினும் உரிமை அழிந்துவிடுவதில்லை. மேல்முறையீட்டுக்கு இடமில்லாத உத்தரவின் பிழை தீர்ப்பைப் பாதித்திருந்தால், தீர்ப்பாணைக்கு எதிரான மேல்முறையீட்டில் அதனை எழுப்ப 105ஆம் பிரிவு இடமளிக்கிறது.

வசதி படைத்த எதிர்த்தரப்பு இவ்வழிகளைக் காலம் கடத்தும் கருவியாக்குவதும் உண்டு. சீராய்வு மனு தாக்கலானதாலேயே விசாரணை நின்றுவிடாது. தனியே தடையுத்தரவு வேண்டும். தடைகள் ஆறு மாதத்தில் தாமாகக் காலாவதியாகும் என்ற 2018ஆம் ஆண்டுத் தீர்ப்பை, ஐந்து நீதிபதிகள் அமர்வு 2024 பிப்ரவரியில் நீக்கிவிட்டது. ஆகவே தடையை விலக்கக் கோரி நாமே மனுச் செய்ய வேண்டும். காத்திருந்தால் நிலம் கைமாறி, சாட்சிகளும் மறைந்துவிடக்கூடும்.

1987ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12ஆம் பிரிவு, பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் வருமான வரம்பின்றி இலவசச் சட்ட உதவி பெறும் தகுதியை அளிக்கிறது. உத்தரவு வந்த அன்றே அதன் சான்றிட்ட நகலுக்கு மனுச் செய்து, சட்டப் பணிகள் குழுவை அணுகுமாறு கேட்டுக்கொள்கிறோம்.