வாசற்படியில் ஓர் ஏற்றுமதித் தொழில்

1970களின் தொடக்கம்வரை வாணியம்பாடி, ஆம்பூர், ராணிப்பேட்டையிலிருந்து கப்பலேறியது பெரும்பாலும் பாதி பதனிட்ட தோல்தான். பின்னர் சீதாராமையா குழுவின் பரிந்துரையை ஒட்டி அரசு அந்த ஏற்றுமதியைக் கட்டுப்படுத்தியது. காலணி ஆலைகள் பெருகின, பெண்கள் வேலைக்கு வந்தார்கள். கையால் தைக்க வேண்டிய ஷூவின் மேல்பாகமோ இடைத்தரகர் வழியாக வீட்டு வாசலுக்கே வந்தது. ஐரோப்பியக் கடைகளுக்குப் போகும் அந்த ஷூவுக்கு ஜோடிக் கணக்கில் கூலி, பி.எஃப்., இ.எஸ்.ஐ. இல்லை. ஆலைக்கு இடமும் விளக்கும் மிச்சம். சமையலுக்கு நடுவே தைப்பதால் அவள் ‘இல்லத்தரசி’.

வீட்டில் தைப்பவரையும் மற்றத் தொழிலாளரைப் போலவே நடத்த வேண்டும் என்கிறது பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பின் 1996ஆம் ஆண்டு உடன்படிக்கை, எண் 177. இந்தியா இன்னும் அதை ஏற்கவில்லை. ஏற்கும்வரை, தன் முதலாளி யார் என்று அவள் யாரிடம் கேட்பாள்?