ராய், இந்திரலால் (1898 – 1918)

கல்கத்தாவில் பிறந்து, லண்டனில் கல்வி கற்று, முதல் உலக மகாயுத்தத்தின்போது பிரான்சு தேசத்து ஆகாயத்தில் உயிர் நீத்த விமானி. பகைவர் விமானங்கள் ஐந்துக்குக் குறையாமல் வீழ்த்திய வீரரை ‘ஏஸ்’ என்று சிறப்பித்தழைப்பது அக்காலப் படையினரின் வழக்கம். அந்த யுத்தத்தில் அப்பெயருக்கு உரியவரான இந்தியர் இவர் ஒருவரே.

ஆகாய யாத்திரை கல்கத்தா நகரத்தார் முன்பே அறிந்த வியப்புத்தான். 1889-ஆம் ஆண்டிலேயே ராமசந்திர சட்டர்ஜி என்னும் வங்காளி பலூனில் தனியே ஏறி அந்நகரத்தார் கண்முன் மேலெழும்பியிருந்தார். 1910 டிசம்பரில் ஐரோப்பிய விமானிகள் அங்கு வந்து ஆகாய விமானத்தையே பறக்கவிட்டுக் காட்டினர். ஆயினும் 1898 டிசம்பர் 2-ஆம் நாள் அந்நகரில் பிறந்த இந்திரலால் இளமையிலேயே குடும்பத்தாருடன் இங்கிலாந்து சென்றுவிட்டமையால், அவருக்கு விமான மோகம் பிறந்தது அந்நிய மண்ணிலேயாம். தந்தையார் பியாரிலால் ராய் பாரிஸ்டர்; பாரிசால் ஜில்லாவின் லாகுடியா ஜமீன் வம்சத்தினர். தாயார் லலிதா ராய், 1911-இல் லண்டன் மாதர் வாக்குரிமை கோரி நடத்திய மாபெரும் ஊர்வலத்தில் இந்தியப் பெண்களுடன் கலந்துகொண்டவர். தமையனார் பரேஷ்லால் குத்துச்சண்டையில் புகழெய்தியவர்.

செயின்ட் பால் பள்ளியில் பயிலும்போதே அகழிப் போருக்கான சிறு பீரங்கியொன்றுக்குத் தாமே அமைப்புத் திட்டம் வகுத்து யுத்த இலாகாவுக்கு அனுப்பிவைத்தார் என்பதிலிருந்து அவருடைய யந்திர ஞானம் புலனாகும். ஆக்ஸ்போர்டில் பயில உபகாரச் சம்பளம் கிடைத்தும் அதனை நாடாமல் விமானப் படையில் சேர விண்ணப்பித்தார். கண்பார்வை போதாதென்று முதலில் மறுக்கப்படவே, தம் மோட்டார் சைக்கிளை விற்ற பணத்தைக் கொண்டு பெயர்பெற்ற கண் வைத்தியர் ஒருவரிடம் மறுபரிசோதனை செய்துகொண்டு அத்தடையைக் கடந்தார் என்பர். 1917 ஜூலையில் அவருக்கு அதிகாரி பதவி கிட்டியது. இந்தியருக்கு மன்னரின் அதிகாரப் பத்திரம் அரிதினும் அரிதாயிருந்த அக்காலத்தில், ஹர்தித் சிங் மாலிக், வேலிங்கர், சென் முதலிய வெகு சிலரே அப்படையில் இவருக்குச் சகாக்களாயிருந்தனர்.

அவ்வாண்டு அக்டோபர் இறுதியில் 56-ஆம் ஸ்குவாட்ரனைச் சேர்ந்த அவர், டிசம்பர் 6-ஆம் நாள் ‘எஸ்.இ.5ஏ’ என்னும் ஒற்றை ஆசன விமானத்துடன் தரையில் மோதிப் படுகாயமுற்றார். மாண்டவரென்றே கருதிப் பிணவறையில் கிடத்தினர் என்றும், நினைவு திரும்பியதும் அவர் கதவைத் தட்டி அலறினார் என்றும் ஒரு வரலாறு உண்டு. எத்துணை மிகைப்படுத்தப்பட்டதாயினும், அவரைப் பற்றி எழுதுவோர் எவரும் இதனை விட்டுவைப்பதில்லை. சிகிச்சைக் காலத்தில் விமானங்களையும் வான்போர்க் காட்சிகளையும் சித்திரமாகத் தீட்டினார். பறப்பதற்குத் தகுதியற்றவர் என்ற வைத்தியத் தீர்ப்பைப் பலகாலும் முறையிட்டு மாற்றுவித்து, 1918 ஜூனில் 40-ஆம் ஸ்குவாட்ரனில், ஐரிஷ்காரரான ஜார்ஜ் மக்கெல்ராய் என்னும் தேர்ந்த விமானியின் தலைமையில் மீண்டும் விமானம் ஏறினார்.

அதன்பின் நிகழ்ந்தவை மிகச் சில நாட்களில் முடிந்தன. ஜூலை 6 முதல் 19 வரை பத்து வெற்றிகள். அவற்றுள் இரண்டு பிறரோடு பகிர்ந்துகொண்டவை. ஜூலை 8-ஆம் நாள் மட்டும் நான்கு மணி நேரத்துக்குள் மூன்று விமானங்களை வீழ்த்தினார். ஜூலை 22-ஆம் நாள் கார்வின் என்னும் ஊருக்கு மேலே ஜெர்மானிய ‘ஃபோக்கர்’ விமானங்களுடன் பொருதி மாண்டார், வயது பத்தொன்பது. மக்கெல்ராயும் ஒன்பது நாட்களில் அதே கதியை அடைந்தார்.

பத்து வெற்றிகளை எண்ணிப் புகழ்வதே பலர் வழக்கமாயினும், இருமுறை வைத்தியர் தீர்ப்பை எதிர்த்து நின்ற மனவுறுதியே அவரது சரித்திரத்தின் சாரம் எனல் தகும். செப்டம்பரில் ‘டிஸ்டிங்விஷ்ட் ஃப்ளையிங் கிராஸ்’ என்னும் விருது அவர் மறைவுக்குப் பின் வழங்கப்பட்டது. அதனைப் பெற்ற முதல் இந்தியர் அவரே. எஸ்தெவெல் கிராமத்தில் உள்ள அவரது கல்லறையில் வங்காளமும் பிரெஞ்சும் பொறிக்கப்பட்டுள்ளன. கல்கத்தா பவானிப்பூரில் ஒரு வீதி அவர் பெயர் தாங்கியுள்ளது. பிறந்த நூற்றாண்டான 1998-இல் இந்திய அஞ்சல் துறை அவர் உருவம் பொறித்த தபால்தலையை வெளியிட்டது.