சீயஸின் கையிலிருந்த இடி

பண்டைக் கிரேக்கர்கள் வானை ஆளும் கடவுளைச் சீயஸ் என்று அழைத்தனர். ஒளி மிக்க வானத்தைக் குறிக்கும் மிகப் பழைய வேர்ச்சொல்லிலிருந்து பிறந்த பெயர் இது. ரிக் வேதத்தின் 'தியௌஸ்', ரோமானியரின் 'ஜூபிடர்' ஆகிய பெயர்களும் அதே வேரிலிருந்து தோன்றியவையே.

குரோனஸின் மைந்தர் மூவரும் சீட்டுப் போட்டு உலகைப் பங்கிட்டுக் கொண்டனர் என்று ஹோமரின் இலியட் கூறுகிறது. பொசைடனுக்குக் கடலும், ஹேடீஸுக்குப் பாதாளமும், சீயஸுக்கு வானமும் கிடைத்தன. இடியே சீயஸின் ஆயுதம். பொய்ச் சத்தியம் செய்வோரை அவன் இடியால் தண்டிப்பான் என்று மக்கள் நம்பினர். மின்னல் தாக்கிய இடங்களை வேலியிட்டு, அவனுக்கு உரியவை என ஒதுக்கினர்.

கி.மு. 6-ஆம் நூற்றாண்டில் மிலேட்டஸ் நகரத்து அனாக்சிமாண்டர் வேறொரு காரணத்தைக் கூறினார். மேகத்தினுள் அடைபட்ட காற்று பீறிட்டு வெளிவருவதே இடியும் மின்னலும் என்றார். அடுத்த நூற்றாண்டில் அனாக்சகோரஸ், மேகங்கள் மோதுவதால் இடியும், உராய்வதால் மின்னலும் உண்டாகின்றன என்றார். சூரியன் தெய்வமன்று, பழுக்கக் காய்ந்த கல் என்றும் சொன்னார். தெய்வ நிந்தனைக் குற்றம் சாட்டப்பட்ட அவர், ஏதென்ஸை விட்டே வெளியேற நேர்ந்தது.

கி.மு. 423-இல் அரிஸ்டோபனீஸின் 'மேகங்கள்' என்னும் நகைச்சுவை நாடகம் ஏதென்ஸில் நடிக்கப்பட்டது. அதில் சாக்ரடீஸாக வரும் பாத்திரம் ஒரு கேள்வி எழுப்புகிறது. பொய்யரைத் தண்டிக்கத்தான் மின்னல் என்றால், அது சீயஸின் கோயிலையே தாக்குவானேன்? ஓக் மரம் செய்த பொய்ச் சத்தியம் என்ன? அறிஞர்களைக் கேலி செய்யவே ஆசிரியர் இதை எழுதினார். ஆனால் கி.மு. 399-இல் உண்மையான சாக்ரடீஸுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. நகரத்தின் தெய்வங்களை நம்பாதவர் என்பது அவர்மீது சாட்டப்பட்ட குற்றங்களுள் ஒன்று.

மின்னல் என்பது மின்சாரமே என்பது 1752-இல்தான் உறுதியாயிற்று. பெஞ்சமின் பிராங்க்ளின் வகுத்த சோதனையைப் பிரான்சில் நடத்தி இதைக் கண்டனர். மேகத்தினுள் பனித்துகள்கள் மோதும்போது மின்னூட்டங்கள் பிரிகின்றன என்பது இன்றைய விளக்கம். காற்றைப் பற்றியும் உராய்வைப் பற்றியும் கிரேக்க அறிஞர்கள் கூறிய விளக்கங்கள் முழுவதும் சரியல்ல. ஆயினும், காரணத்தை மேகத்தினுள்ளே தேட வேண்டும் என்று அவர்கள் துணிந்ததே பெரிய செயல்.

நாடகத்தில் எழுந்த கேள்விக்கும் இன்று விடை உண்டு. கோயிலும் ஓக் மரமும் சுற்றியுள்ளவற்றைவிட உயர்ந்து நிற்கின்றன. உயரமான பொருள்களையே மின்னல் பெரும்பாலும் தாக்குகிறது. அதனால்தான் இன்று கோபுரங்களின் உச்சியில் இடிதாங்கி வைக்கிறோம்.